டாஹாவ் வதைமுகாம் நினைவிடம்: வழிகாட்டியோடு போகிறவர்கள் கேட்கும் கேள்விகள்

ஜெர்மனியின் மியூனிக்கிற்கு வேலைக்கோ படிப்புக்கோ உறவினர் வீட்டுக்கோ வருகிறவர்களின் பட்டியலில் மலைமேல் ஒரு கோட்டை, ஒரு கார் அருங்காட்சியகம், அப்புறம் டாஹாவ் என்று இருக்கும். முதல் இரண்டுக்கும் எப்படிப் போவது என்று கேட்பார்கள். டாஹாவுக்கு மட்டும் போகலாமா வேண்டாமா என்று கேட்பார்கள். இந்த ஊரில் இருப்பதால் அந்தக் கேள்வியும் அதைத் தொட்டு வரும் மற்ற கேள்விகளும் என்னிடம் அடிக்கடி வருகின்றன. எல்லாவற்றையும் ஒரே இடத்தில் எழுதி வைக்கிறேன்.

டாஹாவ் என்பது ஆஷ்விட்ஸ் மாதிரியான இடமா?

இல்லை, இரண்டும் வேறு. ஆஷ்விட்ஸ் போலந்தில் இருக்கிறது. சுமார் 11 லட்சம் பேர் அங்கே கொல்லப்பட்டார்கள், அவர்களில் மிகப் பெரும்பாலோர் யூதர்கள். விஷவாயு அறைகளை வைத்து ஆட்களைக் கொன்று தீர்ப்பதே அங்கே வேலையாக நடந்தது. டாஹாவ் மியூனிக்கிலிருந்து ரயிலில் அரைமணி நேரம்கூட ஆகாத ஒரு சின்ன ஊர். ஹிட்லர் பதவிக்கு வந்து இரண்டு மாதம் முடிவதற்குள், 1933 மார்ச் 22 அன்று, முதல் கைதிகளை இங்கே கொண்டுவந்து விட்டார்கள். 1945 ஏப்ரல் 29 அன்று அமெரிக்கப் படை உள்ளே நுழையும்வரை, அதாவது நாஜி ஆட்சியின் 12 வருடமும், இது ஓடிக்கொண்டே இருந்தது. முதன்மை முகாமும் அதன் சுமார் 140 கிளை முகாம்களும் சேர்ந்து 2 லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் அடைபட்டார்கள், ஏறக்குறைய 41,500 பேர் செத்தார்கள்.

எண்ணிக்கையை வைத்து டாஹாவ் சின்னது என்று சிலர் சொல்வதுண்டு. ஆனால் பின்னால் வந்த முகாம்களுக்கு மாதிரி இங்கேதான் தயாரானது. எந்தத் தப்புக்கு எத்தனை அடி, யாரை எப்போது சுடலாம் என்பதையெல்லாம் இங்கே தளபதியாக இருந்த தியோடோர் ஐக்கே 1933 அக்டோபரில் விதிமுறையாகவே எழுதி வைத்தார், அந்த விதிகள் பிறகு மற்ற முகாம்களுக்கும் போயின. ஆஷ்விட்ஸின் தளபதியான ருடால்ஃப் ஹொஸ் வேலை பழகியதும் டாஹாவில்தான்.

அங்கே போவது சுற்றுலா ஆகிவிடாதா? போகலாமா?

போகலாம். அந்த இடத்தை நினைவிடமாக்கச் சொல்லிப் போராடியதே அங்கிருந்து உயிரோடு வந்த கைதிகள்தான். போருக்குப் பிறகு முகாமை இடித்துவிட்டு வேறு எதற்காவது பயன்படுத்தலாம் என்று உள்ளூரில் பலருக்கு ஆசை இருந்தது. கைதிகளின் சங்கம் விடாமல் கேட்டுக் கேட்டு 1965-ல் நினைவிடத்தைத் திறக்க வைத்தது. ஆகவே வெளியாள் நாம் போய் எட்டிப்பார்ப்பது தப்போ என்ற கூச்சம் தேவையில்லை, ஜனங்கள் வந்து பார்க்க வேண்டும் என்பதுதான் அவர்கள் கேட்டது. காலையில் டாஹாவ், மதியம் பீர்க் கூடம் என்று ஒரே நாளில் திட்டம் போடுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். அவர்கள் விருப்பம். என்னிடம் கேட்டால் மதியத்தைச் சும்மா விடச் சொல்வேன்.

வழிகாட்டி அவசியமா? நாமே சுற்றிப் பார்த்தால் போதாதா?

நுழைவு இலவசம், நாமே போய்ச் சுற்றலாம், யாரும் தடுக்க மாட்டார்கள். முதல்முறை போகிறவர்கள் வழிகாட்டியோடு போங்கள் என்று நான் வற்புறுத்துவதற்குக் காரணம், உள்ளே போனால் கண்ணுக்குத் தெரிவது பெரும்பாலும் வெற்றிடம்தான். பெரிய சரளைக்கல் திடல், அதன் ஒரு பக்கம் நீளமான ஒரு கட்டடம், எதிரே இரண்டு கொட்டகைகள், அதற்குப் பின்னால் வரிசையாக நெட்டிலிங்கம் மாதிரி உயர்ந்த மரங்கள். கைதிகளை அடைத்த 34 கொட்டகைகளில் அசல் ஒன்றுகூட இன்று கிடையாது. முன்னால் நிற்கும் இரண்டும் 1960-களில் திரும்பக் கட்டியவை, மற்றவை இருந்த இடத்தில் சிமெண்ட் விளிம்பும் எண் போட்ட ஒரு கல்லும் மட்டும் இருக்கும். தனியாகப் போய்விட்டு 'ஒரு மணி நேரத்தில் முடிந்துவிட்டது, சுத்தமாக வைத்திருக்கிறார்கள்' என்று சொல்லிக்கொண்டு திரும்பியவர்கள் உண்டு. அவர்களைக் குறை சொல்ல முடியாது, அங்கே கண்ணுக்குத் தெரிந்தது அவ்வளவுதான்.

இன்னொரு காரணமும் இருக்கிறது, எனக்கு இதுதான் பெரிய காரணம். வதைமுகாம் எப்படி முடிந்தது என்பதை எல்லோரும் சினிமாவில் பார்த்திருக்கிறோம். எலும்பும் தோலுமான உடல்கள், பிணக் குவியல், எரியும் உலை. எப்படித் தொடங்கியது என்பது அந்தப் படங்களில் அதிகம் வருவதில்லை, நல்ல வழிகாட்டி பேசுவது அதைத்தான்.

முகாம் திறப்பதை நாஜித் தலைவர்களில் ஒருவரான ஹிம்லர் பத்திரிகையாளர்களைக் கூப்பிட்டே அறிவித்தார். அப்போது அவர் மியூனிக் போலீஸ் தலைவர். 1933 மார்ச் 21 அன்று ஊர்ப் பத்திரிகையில் செய்தி வந்துவிட்டது: 5,000 பேரை அடைக்க வசதியுள்ள முகாம் புதன்கிழமை திறக்கிறது என்று, ஏதோ புது மருத்துவமனை திறப்பு போல. இடமும் புதிதாகக் கட்டியதில்லை, முதல் உலகப் போர்க் காலத்து வெடிமருந்துத் தொழிற்சாலை, சும்மா கிடந்தது. வந்த கைதிகள் கம்யூனிஸ்டுகள், சமூக ஜனநாயகக் கட்சிக்காரர்கள், தொழிற்சங்கத்துக்காரர்கள். வழக்கு கிடையாது, நீதிமன்றம் கிடையாது. பிப்ரவரி கடைசியில் நாடாளுமன்றக் கட்டடம் தீப்பிடித்த கையோடு வந்த அவசரச் சட்டம் ஒன்று போதுமானதாக இருந்தது. நம் ஊரில் தடுப்புக் காவல் சட்டங்களைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இந்த இடத்தில் கொஞ்சம் காது கூர்மையாகும்.

முகாம் திறந்து மூன்றே வாரத்தில், ஏப்ரல் 12 அன்று, நான்கு யூதக் கைதிகளைக் காட்டுப்பக்கம் கூட்டிப்போய்ச் சுட்டார்கள். தப்பி ஓடப் பார்த்தார்கள் என்று அறிக்கை. ஜோசஃப் ஹார்ட்டிங்கர் என்ற அரசு வழக்கறிஞர் நேரில் போய் விசாரித்தார், அரசு மருத்துவர் பிரேதப் பரிசோதனை செய்தார், மேலும் சில சாவுகளும் சேர, முகாம் தளபதி ஹில்மர் வாக்கர்லே மீதே குற்றப்பத்திரிகை தயாரானது. நாஜி ஆட்சியில், 1933-ல்! மேலிடம் வழக்கை அமுக்கிவிட்டது. தளபதியை மாற்றினார்கள், அவருக்குப் பதிலாக வந்தவர்தான் மேலே சொன்ன ஐக்கே. அந்தக் கோப்புகள் போருக்குப் பின் நாஜித் தலைவர்கள் மீது நடந்த நியூரம்பெர்க் விசாரணையில் சான்றாக வெளியே வந்தன.

முதல் சில மாதங்களில் இதை நிறுத்தச் சட்டப்படி ஒரு வழி இருந்தது, அதை முயன்ற ஆளும் இருந்தார், மேலதிகாரிகள் கைவிட்டார்கள். சரளைக்கல்லைப் பார்த்தால் இது தெரியாது. யாராவது நின்று சொன்னால்தான் தெரியும்.

வழிகாட்டிகள் யார்? எப்படிச் சேர்வது?

நினைவிடமே நடத்தும் பொதுச் சுற்று தினமும் ஆங்கிலத்திலும் ஜெர்மனிலும் உண்டு. கட்டணம் சில யூரோக்கள்தான். இடம் குறைவு, கோடையில் சீக்கிரம் நிரம்பிவிடும், ஆகவே அன்றைய நேரத்தையும் சீட்டு எப்படிக் கொடுக்கிறார்கள் என்பதையும் நினைவிடத்தின் இணையதளத்தில் முதல்நாளே பார்த்துவிடுங்கள். மியூனிக் மையத்திலிருந்து ரயிலில் கூட்டிப்போய்க் கொண்டுவந்து விடும் தனியார் சுற்றுகளும் இருக்கின்றன, அவற்றுக்குக் காசு அதிகம். யாராக இருந்தாலும் நினைவிடத்தில் பயிற்சி பெற்று அனுமதி வாங்கியவர்தான் உள்ளே குழுவைக் கூட்டிப்போக முடியும், அதனால் தனியார் என்றதும் பயப்பட வேண்டாம்.

தமிழில் சுற்று கிடையாது. ஆங்கிலம் தெரியாத அப்பா அம்மாவைக் கூட்டிப்போனால் காதோரம் மொழிபெயர்த்துக்கொண்டே நடப்பது உங்களுக்கும் கஷ்டம், குழுவுக்கும் தொந்தரவு. அதைவிட நீங்கள் முதலில் ஒருமுறை வழிகாட்டியோடு போய்க் கேட்டுவிட்டு, பிறகு அவர்களை நீங்களே கூட்டிப்போய் உங்கள் வேகத்தில் சொல்லலாம். குடும்பத்துக்குச் சொல்லிக் கொடுப்பதற்கு யாரும் அனுமதிச் சீட்டு கேட்கப் போவதில்லை.

எப்படிப் போவது?

மியூனிக் தலைமை ரயில் நிலையத்தில் எஸ் 2 ரயில், டாஹாவ் நிலையத்தில் இறங்கி 726 பேருந்து, நினைவிடத்தின் வாசலிலேயே நிற்கும். டாஹாவ் வரை செல்லுபடியாகும் நாள் சீட்டு வாங்கினால் பேருந்துக்கும் சேர்த்துத்தான். நிலையத்திலிருந்து நடந்தும் போகலாம், சுமார் 3 கிலோமீட்டர், வழி நெடுகத் தகவல் பலகைகள் வைத்திருக்கிறார்கள். கைதிகளை நடத்திக் கூட்டிப்போன பாதையை ஒட்டியது அது. வெயில் நாளாக இருந்தால் போகும்போது நடந்தும் வரும்போது பேருந்திலும் வாருங்கள்.

எவ்வளவு நேரம் வேண்டும்?

சுற்று மட்டும் சுமார் இரண்டரை மணி நேரம். கண்காட்சியை நின்று படிக்கிறவர் என்றால் இன்னும் இரண்டு மணி நேரம் வையுங்கள். தினமும் காலை 9 முதல் மாலை 5 வரை திறந்திருக்கும், டிசம்பர் 24 விடுமுறை. அங்கே காட்டும் சின்ன ஆவணப்படம் கடுமையானது, அதைச் சுற்றுக்கு முன்னால் பார்ப்பதைவிடப் பின்னால் பார்ப்பது நல்லது என்பது என் கட்சி. முன்னாலேயே பார்த்துவிட்டால் வழிகாட்டி சொல்வது எதுவும் மண்டையில் ஏறாது.

சுற்றில் எங்கெங்கே கூட்டிப் போவார்கள்?

வழிகாட்டிக்கு வழிகாட்டி வரிசை மாறும். பெரும்பாலும் வாசல் கட்டடத்திலிருந்து தொடங்குவார்கள். அதன் இரும்புக் கதவில்தான் 'உழைப்பு விடுதலை தரும்' என்ற ஜெர்மன் வாசகம் இருக்கிறது. 2014 நவம்பரில் ஒரு ராத்திரி அந்தக் கதவை யாரோ திருடிக்கொண்டு போய்விட்டார்கள். இரண்டு வருடம் கழித்து நார்வேயில் பெர்கன் நகரத்துப் பக்கம் கிடைத்தது, திருடியவர் யார் என்று தெரியவில்லை. இப்போது வாசலில் தொங்குவது நகல், அசல் உள்ளே கண்காட்சியில் இருக்கிறது.

அதைத் தாண்டினால் தலை எண்ணும் திடல். காலையும் மாலையும் எல்லாக் கைதிகளும் வரிசையாக நிற்க வேண்டும், கணக்கு ஒத்துவரும்வரை நகரக் கூடாது. காய்ச்சலில் இருப்பவரையும், சில நேரம் செத்தவரையும்கூடத் தூக்கிக்கொண்டு வந்து வரிசையில் வைத்தாக வேண்டும், ஏனென்றால் கணக்கு ஆட்களுக்கானது, உயிருக்கானது இல்லை. இந்தப் பவேரியா மாநிலத்தின் ஜனவரிக் காற்றில் நல்ல கோட்டு போட்டுக்கொண்டு அங்கே பத்து நிமிடம் நின்றாலே நாம் காலை மாற்றி மாற்றி வைப்போம். வழிகாட்டிகள் இதைத் தெரிந்துதான் அந்த இடத்தில் கொஞ்சம் நீட்டிப் பேசுகிறார்களோ என்று எனக்குச் சந்தேகம்.

நீளமான கட்டடம் சமையல், துணி துவைப்பு, பண்டசாலை எல்லாம் இருந்த இடம், இப்போது முதன்மைக் கண்காட்சி. புதுக் கைதி வந்ததும் உடையையும் பையையும் பிடுங்கி, மொட்டை அடித்து, எண் கொடுப்பது அங்கேதான் நடந்தது. அப்போதைய அறைகளின் வழியாகவே கண்காட்சி போகிறது, அதாவது கைதி நடந்த வரிசையில் நீங்களும் நடக்கிறீர்கள். அதற்குப் பின்னால் 'பங்கர்' என்ற சிறைக் கட்டடம், இது அசல். முகாமுக்குள் எதற்குச் சிறை என்று கேட்காதவர் இல்லை. தண்டனைக்கும் விசாரணைக்கும், அப்புறம் சில முக்கியமான கைதிகளைத் தனியே வைப்பதற்கும். 1939-ல் மியூனிக் பீர்க் கூடத்தில் ஹிட்லரைக் கொல்லத் தனி ஆளாகக் குண்டு வைத்த தச்சர் கியோர்க் எல்சரைக் கடைசி மாதங்களில் இங்கே வைத்திருந்தார்கள், போர் முடிய ஒரு மாதம் இருக்கும்போது, 1945 ஏப்ரல் 9 அன்று, சுட்டுக் கொன்றார்கள். பங்கரின் நீண்ட நடையில் பேச்சுச் சத்தம் தானாகக் குறைந்துவிடும்.

திரும்பக் கட்டிய கொட்டகைக்குள் மூன்று காலத்துப் படுக்கைகளை அடுத்தடுத்து வைத்திருக்கிறார்கள். ஆரம்பத்தில் ஆளுக்கொரு பலகைக் கட்டில் இருந்தது, பிறகு கட்டில்கள் ஒட்டிக்கொண்டன, கடைசியில் தடுப்பே இல்லாமல் நீளமான பலகைத் தட்டுகளாகிவிட்டன. 6,000 பேருக்கென்று கட்டிய முகாமில் கடைசி நாட்களில் 30,000-க்கும் மேற்பட்டவர்கள் இருந்தார்கள், அந்தக் குளிர்காலத்தில் டைஃபஸ் காய்ச்சல் பரவி ஆயிரக்கணக்கில் செத்தார்கள். அந்த மூன்று படுக்கைகளையும் பார்த்துவிட்டால் அதற்கு மேல் விளக்கம் தேவைப்படாது. கொட்டகைகள் பராமரிப்புக்காக அவ்வப்போது மூடியிருக்கும், முன்னால் விசாரித்துக்கொள்ளுங்கள்.

வேலியோரமாக ஒரு புல் பட்டை ஓடும். கைதி ஒருவர் அந்தப் புல்லில் கால் வைத்தால் கோபுரத்திலிருந்து சுடலாம் என்பது விதி. தாங்க முடியாமல் தெரிந்தே அதில் போய்க் கால் வைத்தவர்களும் உண்டு. கடைசியாக ஓடையைக் கடந்து, பிணங்களை எரித்த உலைக்கூடம்.

அங்கே அடைபட்டவர்கள் எல்லாம் யூதர்களா?

இல்லை. முதலில் அரசியல் எதிரிகள். பிறகு ஓரினச்சேர்க்கையாளர்கள், யெகோவாவின் சாட்சிகள் என்ற கிறிஸ்தவப் பிரிவினர், ஜிப்சிகள் என்று அழைக்கப்பட்ட ரோமா மக்கள், 'சமூகத்துக்கு ஒவ்வாதவர்' என்று முத்திரை குத்தப்பட்ட வீடற்றவர்கள். ஒவ்வொரு வகைக்கும் ஒரு நிறத்தில் முக்கோணத் துணி, அரசியல் கைதிக்குச் சிவப்பு, ஓரினச்சேர்க்கையாளருக்கு இளஞ்சிவப்பு, இப்படி. 1938 நவம்பரில் யூத வழிபாட்டிடங்களைக் கொளுத்திய கையோடு சுமார் 11,000 யூத ஆண்களை இங்கே கொண்டுவந்தார்கள். போர் தொடங்கிய பிறகு போலந்துக்காரர்கள் ஏராளம். பாதிரியார்கள் மட்டுமே 2,700 பேர் வரை இருந்தார்கள், பெரும்பாலோர் போலந்தின் கத்தோலிக்கர்கள், அவர்களுக்கென்று தனிக் கொட்டகையே இருந்தது. கடைசி வருடத்தில் கிழக்கு முகாம்களிலிருந்து யூதர்களை ஆயிரக்கணக்கில் கிளை முகாம்களுக்கு ஓட்டி வந்து, நிலத்தடி விமானத் தொழிற்சாலை கட்டும் வேலையில் சாகடித்தார்கள்.

விஷவாயு அறை உண்டா? பயன்படுத்தினார்களா?

அறை உண்டு, பார்க்கலாம். 1942-43-ல் கட்டிய புது உலைக்கூடத்துக்குள் இருக்கிறது, வாசலில் குளியலறை என்று எழுதியிருக்கும். ஆஷ்விட்ஸில் நடந்தது போன்ற கூட்டக் கொலைக்கு அது பயன்படவில்லை. இதைச் சொன்னதும் சிலர் முகத்தில் ஒரு ஏமாற்றம் வரும், அதை எப்படி எடுத்துக்கொள்வது என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை. இதையே பிடித்துக்கொண்டு எல்லாமே கட்டுக்கதை என்று கிளப்புகிறவர்களும் இணையத்தில் இருக்கிறார்கள். அவர்களிடம் இதைச் சொல்லலாம்: வேலைக்கு ஆகாது என்று கழிக்கப்பட்ட 2,500-க்கும் மேற்பட்ட டாஹாவ் கைதிகளை 1942-லிருந்து ஆஸ்திரியாவில் லின்ஸ் அருகே உள்ள ஹார்ட்ஹைம் மாளிகைக்கு வண்டியேற்றி அனுப்பி, அங்கே விஷவாயுவில் கொன்றார்கள். டாஹாவிலேயே சுட்டும் தூக்கிலிட்டும் பட்டினி போட்டும் கொன்றார்கள். ஐஸ் தண்ணீரில் முக்கி வைத்து எவ்வளவு நேரம் உயிர் தாங்கும் என்று பார்த்த ஸிக்முண்ட் ராஷர், ஆயிரத்துக்கும் மேற்பட்டவர்களுக்கு மலேரியாவை ஏற்றிப் பார்த்த கிளாஸ் ஷில்லிங், இரண்டு பேருமே மருத்துவம் படித்தவர்கள்.

பக்கத்து ஊர்க்காரர்களுக்கு ஒன்றுமே தெரியாதா?

ஒவ்வொரு குழுவிலும் யாராவது இதைக் கேட்பார்கள். பத்திரிகையில் செய்தி வந்தது, கைதிகள் ஊர் வழியாக நடந்தார்கள், சுற்றுவட்டார நிறுவனங்கள் கைதிகளை வேலைக்கு வாடகைக்கு எடுத்தன, கடைக்காரர்கள் முகாமுக்குச் சரக்கு போட்டார்கள். உள்ளே நடந்தது முழுவதும் தெரியாமல் இருந்திருக்கலாம். முகாம் இருப்பதோ, அங்கே போனவர்கள் எந்த நிலையில் இருந்தார்கள் என்பதோ தெரியாது என்று சொன்னால் நம்புவது கஷ்டம். 'வாயை மூடு, இல்லாவிட்டால் டாஹாவ்தான்' என்று பொருள்படும் பேச்சு அந்தக் காலத்தில் புழங்கியது.

மறுபக்கமும் ஒன்று இருக்கிறது. 1945 ஏப்ரல் 28 அன்று, அமெரிக்கர்கள் வருவதற்கு முதல்நாள், தப்பி வந்த சில கைதிகளும் ஊர்க்காரர்கள் சிலரும் சேர்ந்து டாஹாவ் நகரமன்றத்தைப் பிடித்தார்கள். முகாமை நடத்திய நாஜிகளின் எஸ்.எஸ். படை வந்து அடக்கியது, சிலர் அங்கேயே சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அவர்கள் நினைவாக ஊருக்குள் ஒரு சதுக்கம் இருக்கிறது, சுற்றுலாக்காரர்கள் அந்தப் பக்கம் எட்டிப் பார்ப்பதில்லை.

இந்தியர்கள் யாராவது இங்கே இருந்தார்களா?

ஒருவரை நிச்சயமாகச் சொல்லலாம். நூர் இனாயத் கான், திப்பு சுல்தான் வழிவந்தவர். அவருடைய அப்பா பரோடாவைச் சேர்ந்த சூஃபி இசைக்கலைஞர். நூர் 1914-ல் மாஸ்கோவில் பிறந்து பாரிஸில் வளர்ந்தவர், குழந்தைகளுக்குக் கதை எழுதியவர். போரின்போது பிரிட்டனின் ரகசியப் பிரிவில் சேர்ந்து, 1943 ஜூனில் ஜெர்மன் பிடியில் இருந்த பிரான்சுக்குள் வானொலிக் கருவியோடு போனார். கூட்டாளிகள் ஒவ்வொருவராகப் பிடிபட்ட பிறகும் திரும்ப மறுத்துச் செய்தி அனுப்பிக்கொண்டிருந்தார். அக்டோபரில் பிடிபட்டார், சங்கிலி போட்டு ஃபோர்ட்ஸ்ஹைம் சிறையில் வைத்தார்கள், வாயைத் திறக்கவில்லை. 1944 செப்டம்பர் 13 காலை டாஹாவில் வேறு மூன்று பெண் உளவாளிகளோடு சேர்த்துச் சுட்டுக் கொன்றார்கள், வயது 30. பிரிட்டன் 1949-ல் ஜார்ஜ் கிராஸ் என்ற வீர விருது கொடுத்தது.

உலைக்கூடத்தில் நான்கு பெண்களின் பெயரோடும் ஒரு கல்வெட்டுப் பலகை இருக்கிறது. சின்னது, தேடித்தான் பார்க்க வேண்டும். எல்லா வழிகாட்டிகளும் அதைக் காட்டுவதில்லை. இந்தியாவிலிருந்து வருகிறோம், நூர் பலகை எங்கே என்று கேட்டால் காட்டுவார்கள், குழுவில் மற்றவர்களுக்கும் அது புதுச் செய்தியாக இருக்கும்.

பிள்ளைகளைக் கூட்டிப் போகலாமா?

பன்னிரண்டு, பதின்மூன்று வயதுக்குக் கீழே வேண்டாம் என்பதுதான் நினைவிடமே சொல்வது. தள்ளுவண்டிக் குழந்தையோடு வருகிறவர்களும் உண்டு, குழந்தைக்கு ஒன்றும் தெரியாதுதான், ஆனால் அது அழுதால் நீங்கள் சுற்றை விட்டு வெளியே நிற்க வேண்டியிருக்கும். பவேரியாவில் படிக்கும் பிள்ளைகள் என்றால் ஒன்பதாம் வகுப்பு வாக்கில் பள்ளியே இப்படி ஒரு நினைவிடத்துக்குக் கூட்டிப்போகும். வீட்டுக்கு வந்ததும் பேசாமல் இருந்தால் துருவாதீர்கள். அவர்கள் கேட்கும்போது பதில் சொல்ல நீங்களும் ஒருமுறை போய்விட்டு வந்திருந்தால் போதும்.

முகாம் வாழ்க்கையைப் பார்த்த பெரியவர்களைக் கூட்டிப் போகலாமா?

ஈழத்திலிருந்து வந்த குடும்பங்கள் இதைக் கேட்கின்றன. 2009-ல் வவுனியாப் பக்கத்து முகாம்களில் முள்கம்பிக்குள் இருந்தவர்களுக்கு, அல்லது அதற்கு முன்பே காவலில் அடிபட்டவர்களுக்கு, கோபுரமும் வேலியும் வெறும் வரலாறு இல்லை. நீங்களாக முடிவெடுக்காமல் என்னவெல்லாம் இருக்கும் என்று முன்னாலேயே அவர்களிடம் சொல்லிவிட்டு, வருகிறீர்களா என்று கேளுங்கள். பார்க்க வேண்டும் என்று அவர்களே பிடிவாதமாக வருவதும் உண்டு. பங்கரையும் உலைக்கூடத்தையும் தவிர்த்துவிட்டுத் திடலில் மட்டும் இருந்துவிட்டு வரலாம், எதையும் முழுதாகப் பார்த்தே ஆக வேண்டும் என்று கிடையாது. சுற்றின் நடுவில் விலக நினைத்தால் வழிகாட்டியிடம் ஒரு வார்த்தை சொன்னால் போதும், காரணம் கேட்க மாட்டார்கள்.

போட்டோ எடுக்கலாமா?

சொந்த உபயோகத்துக்கு எடுக்கலாம். கதவுக்கு முன்னால் கைகட்டி நின்று சிரித்துக்கொண்டு எடுக்காதீர்கள், உலைக்கு முன்னால் எந்த மாதிரியும் எடுக்காதீர்கள். பெரிய விதியெல்லாம் இல்லை, இழவு வீட்டில் எப்படி இருப்போமோ அப்படி இருந்தால் சரி.

என்ன உடுத்துவது, சாப்பாடு?

மூடிய செருப்பு அல்லது ஷூ, ஏனென்றால் முழுக்கச் சரளைக்கல். மழைக் கோட்டு. நிழல் மிகக் குறைவு, கோடையில் தொப்பியும் தண்ணீரும். உள்ளே உட்கார்ந்து பொட்டலம் பிரிக்கக் கூடாது, வாசலில் வரவேற்பு மையத்தில் ஒரு உணவகம் இருக்கிறது. சக்கர நாற்காலிக்கு அந்தக் கல் கஷ்டமான தரை, வரவேற்பு மேசையில் கேட்டால் எந்தப் பாதை சுலபம் என்று சொல்வார்கள்.

குற்றவாளிகளுக்குத் தண்டனை கிடைத்ததா?

சிலருக்கு. 1945 நவம்பரில் அதே டாஹாவில் அமெரிக்க ராணுவ நீதிமன்றம் கூடியது. முகாமின் 40 பேர் மீது முதல் வழக்கு, 40 பேரும் குற்றவாளிகள் என்று தீர்ப்பு, 36 பேருக்கு மரண தண்டனை, 28 பேரை 1946 மே மாதம் லாண்ட்ஸ்பெர்க் சிறையில் தூக்கிலிட்டார்கள். முகாமை விடுவித்த அன்று அமெரிக்கச் சிப்பாய்கள் சிலர் சரணடைந்த காவலர்களைச் சுட்டதும் நடந்தது, கேட்டால் வழிகாட்டி மறைக்காமல் சொல்வார். அங்கே வேலை பார்த்த ஆயிரக்கணக்கானவர்களில் பெரும்பாலோர் வழக்கையே பார்க்கவில்லை.

விடுதலைக்கும் 1965-க்கும் நடுவில் அந்த இடத்தில் என்ன இருந்தது?

முதலில் பிடிபட்ட எஸ்.எஸ். காரர்களை அங்கேயே அடைத்தார்கள். 1948 வாக்கிலிருந்து கிழக்கு ஐரோப்பாவிலிருந்து விரட்டப்பட்ட ஜெர்மானிய அகதிகளைக் குடிவைத்தார்கள். அதே கொட்டகைகளில் கடை, பள்ளிக்கூடம் எல்லாம் வந்தது, கைதிகள் செத்த அறையில் குழந்தைகள் பிறந்து வளர்ந்தன. 1960-களில் அவர்களை வேறு இடத்துக்கு மாற்றிவிட்டு, பாழடைந்த கொட்டகைகளை இடித்தார்கள். நீங்கள் பார்க்கும் அந்த வெற்றிடம் இப்படி வந்ததுதான்.

சுற்று முடிந்து நேரம் இருந்தால் பக்கத்தில் வேறு ஏதாவது?

ஹெபெர்ட்ஸ்ஹௌசன் துப்பாக்கிப் பயிற்சித் திடல். நினைவிடத்திலிருந்து ஏறக்குறைய 2 கிலோமீட்டர். 1941-42-ல் பிடிபட்ட சோவியத் போர்க் கைதிகள் 4,000-க்கும் மேற்பட்டவர்களை அங்கே வரிசையாக நிறுத்திச் சுட்டார்கள். பல வருடம் யாரும் கவனிக்காமல் கிடந்தது, 2014-ல்தான் சீரமைத்து, தெரிந்தவரை பெயர்களைப் பலகையில் பொறித்தார்கள். வழிகாட்டிச் சுற்றில் அது வராது, கூட்டமும் இருக்காது, கட்டணமும் இல்லை. வரவேற்பு மையத்தில் வரைபடம் கேட்டு வாங்கிக்கொண்டு நடந்து போங்கள், திரும்பி வரும் நேரத்துக்குக் கடைசிப் பேருந்து எப்போது என்று மட்டும் பார்த்துக்கொள்ளுங்கள்.